திருத்தம்

ஏழு ஆட்டம். பதினொரு விக்கெட்.
துடுப்பால் முப்பத்தெட்டு ஓட்டம், அதில் நாலு
ஸ்லிப்புக்கும் கல்லிக்கும் நடுவால் தானாகப் போனது.
இங்கிலாந்தின் வடக்கில் ஒரு கவுண்டிக்கு
என் வலது தோள் கொடுத்தது இவ்வளவுதான்.

பத்திரிகையில் ஸ்கோர் பத்தி ஒடுக்கம்.
கனகசூரியம் என்ற பெயரில்
சூரியத்தை வெட்டிப் போட்டு
கனகத்தை மட்டும் வைத்துக்கொண்டான் அச்சுக்காரன்.
பொருத்தம்தான். ஜூலையிலும் அங்கே மழை.
மூன்று நாள் ஆட்டத்தில் இரண்டரை நாள்
இரண்டு ஸ்வெட்டருக்குள் சுருண்டு
தார்ப்பாயைப் பார்த்தபடி இருந்திருக்கிறேன்.

பெயர் பிழை என்று கடிதம் போட்டேன்.
அடுத்த சனிக்கிழமை, நாய்க்குட்டி விற்கும் விளம்பரத்துக்குக் கீழே
ஒன்றரை வரி: திருத்தம்.
விக்கெட் எடுத்த செய்திகளெல்லாம் எங்கோ போயிற்று.
அந்த ஒன்றரை வரி இப்பவும் இருக்கு,
காலாவதியான பாஸ்போர்ட்டுக்குள்.

தோள் போனபின் மட்டக்களப்பு.
தபாற்கந்தோர் தொலைபேசியில்
கொழும்புக்கு ஓட்டங்களைக் கத்திச் சொல்லும் வேலை.
செய்திக்குப் பதினைந்து ரூபாய்.
'மின்னல் வேகப் பந்து' என்று எழுத மாட்டேன்,
அதை முகத்துக்கு நேரே ஆடியவன்.
ஆனால் பெயர் கேட்பேன். தலைப்பெழுத்துக் கேட்பேன்.
தண்ணீர் கொண்டு ஓடும் பன்னிரண்டாவது பொடியனிடமும் கேட்பேன்.
ஆரையம்பதியில் இரண்டு சதாகரன்.
ஒருவன் ம., மற்றவன் மா.
ஒருநாளும் மாற்றி எழுதியதில்லை.

ம. சதாகரன். இடதுகைக்காரன்.
காலுக்கு வரும் பந்தை
ஈரத் துணியை உதறுவதுபோல் உதறுவான்.
கல்லடிக் கடற்கரைப் பக்கம் அந்த இறுதியாட்டம்,
கச்சான் காற்றில் விக்கெட்டெல்லாம் புழுதி.
நாற்பத்தேழில் நின்றான்.
பந்தைத் தட்டிவிட்டு ஒன்றுக்கு ஓடுகையில்
வாகனங்கள் எல்லைக்கோட்டைத் தாண்டி உள்ளே வந்தன.

ஆடினவர்களையும் பார்க்க வந்தவர்களையும்
ஒரே வரிசையில் விட்டார்கள்.
நடுவர் விரல் தூக்கவில்லை.
சாக்கு மூடிய ஒரு தலை
ஆடியது.
கால்காப்போடு ஏறினான் சதாகரன்.
ஒரு வார் அவிழ்ந்து பின்னால் இழுபட்டது.

பின்னேரம் கொழும்புக்குச் சொன்னேன்:
ம. சதாகரன், ஆட்டமிழக்காமல் 47.
மழையால் ஆட்டம் கைவிடப்பட்டது.
மறுமுனையில் பேனா நின்றது.
"கச்சான் அடிக்கிற நாள்ல மழையா, ஐயா?"
"ஓம். சரியான மழை."
கொஞ்ச நேரம் கம்பியின் இரைச்சல் மட்டும்.
அப்படியே அச்சாகியது.
ஊரில் எல்லோருக்கும் விளங்கியது.
கெட்டித்தனம் என்று பஸ்சில் ஒருவர் கையைப் பிடித்துக் குலுக்கினார்.
நானும் கொடுத்தேன் கையை.

தாய் தங்கநேசம் அந்தத் துண்டை வெட்டி
பொலித்தீனுக்குள் வைத்துத் தைத்தாள்.
அவன் அன்றைக்கு அங்கே நின்றதற்கு
திகதியோடு, பெயரோடு, தலைப்பெழுத்தோடு
இருந்த ஒரே கடதாசி.
முகாம். கச்சேரி. ஆணைக்குழு. இன்னொரு ஆணைக்குழு.
கடைசித் தடவை என்னையும் வரச் சொன்னாள்.

மொழிபெயர்ப்பாளர் வாசித்தார்.
அதிகாரி மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார்.
"இதில் மழை என்றல்லவா இருக்கிறது?"
"எழுதினது நான்தான். மழை இல்லை."
"திருத்தம் போட்டீர்களா?"

தங்கநேசம் துண்டைத் திரும்ப வாங்கி
நாலு மூலையும் தடவிப் பார்த்தாள்.

எத்தனையோ போட்டிருக்கிறேன்.
ஓட்டத்துக்கு, ஓவருக்கு, ஒருதரம்
கோல் அடித்தவனின் தகப்பன் பெயருக்கு.

திருத்தம்:
ஜூலை 28, எட்டாம் பக்கம், மூன்றாம் பத்தி.
மழை பெய்யவில்லை. வெளிச்சம் போதுமாக இருந்தது.
ம. சதாகரன் 48.
துடுப்பு கோட்டைத் தொட்ட பிறகுதான்
அவனைப் பிடித்தார்கள்.